இளவரசர் கண்ணிவெடி எடுப்பாரா? ஜோர்டானின் மிரெத் செய்யும் வேலையைப் புரிந்துகொள்ள ஓர் எளிய விளக்கம்

அரச குடும்பம், கண்ணிவெடி என்று இரண்டையும் சேர்த்துச் சொன்னால் பெரும்பாலானவர்களுக்கு ஒரே ஒரு படம்தான் ஞாபகம் வரும். 1997 ஜனவரியில் அங்கோலாவின் வம்போ நகரில், பாதுகாப்பு மேலங்கியும் முகத்தடுப்பும் மாட்டிக்கொண்டு டயானா நடந்து போகிற படம். அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு ஒரு கூட்டம் ‘டயானாதான் கண்ணிவெடியை உலகத்தில் தடை செய்ய வைத்தார்’ என்கிறது. இன்னொரு கூட்டம் ‘எல்லாம் போட்டோவுக்காக, ராஜ குடும்பத்துக்கு வேறென்ன வேலை’ என்கிறது. இரண்டுமே சரியில்லை. ஆனால் இரண்டு கூட்டமும் ஒரே இடத்தில்தான் சறுக்குகின்றன: அந்த மாதிரி ஓர் ஆள் வந்து நின்றால் அங்கே என்ன மாறுகிறது, எது மாறுவதில்லை என்று யாரும் கேட்பதில்லை.

டயானாவை மட்டும் வைத்து இதைப் புரிந்துகொள்வதும் கஷ்டம். அவர் இந்த விஷயத்தில் தீவிரமாக இருந்தது சில மாதங்கள்தான். 1997 ஆகஸ்டில் போஸ்னியாவுக்குப் போய்க் கண்ணிவெடியில் கால் இழந்தவர்களைச் சந்தித்துவிட்டுத் திரும்பியவர், அந்த மாதம் முடிவதற்குள் இறந்துவிட்டார். எனவே இருபது வருடத்துக்கும் மேலாக இதையே வேலையாகச் செய்துவரும் ஒருவரை எடுத்துக்கொள்வோம். கேமராக்கள் அதிகம் துரத்தாதவர், தமிழில் பெயர்கூட அதிகம் அடிபடாதவர்: ஜோர்டானின் இளவரசர் மிரெத் பின் ராத்.

யார் இவர்

மிரெத் 1965ல் பிறந்தவர். ஜோர்டான் மன்னர் அப்துல்லாவின் தம்பியோ பிள்ளையோ இல்லை. ஜோர்டானை ஆளும் ஹாஷிமிய வம்சத்தின் இன்னொரு கிளை. மக்காவின் ஷரீஃப் ஹுசைனுக்கு நான்கு மகன்கள். அவர்களில் ஒருவர் ஜோர்டானின் முதல் மன்னரானார், இன்னொருவர் ஈராக்கின் மன்னரானார். கடைசி மகன் ஸெய்த், ஈராக் அரசின் தூதராக லண்டனில் இருந்தபோது, 1958 ஜூலையில் பாக்தாத்தில் புரட்சி நடந்து அங்கிருந்த அரச குடும்பத்தினர் கொல்லப்பட்டார்கள். லண்டனில் இருந்ததால் தப்பிய அந்த ஸெய்தின் பேரன்தான் மிரெத். ஐநாவின் மனித உரிமை ஆணையராக 2014 முதல் 2018 வரை இருந்த ஸெய்த் ராத் அல் ஹுசைனைச் செய்திகளில் பார்த்திருப்பீர்கள், அவர் இவருடைய சகோதரர். சுவீடன்காரரான இவர்களுடைய அம்மா மஜ்தா, ஜோர்டானில் உடல் ஊனமுற்ற குழந்தைகளுக்கான ஒரு சங்கத்தைப் பல வருடங்கள் முன்னின்று நடத்தியவர். மனைவி தினா, மன்னர் ஹுசைன் புற்றுநோய் அறக்கட்டளையின் தலைமை இயக்குநராக இருந்தவர். ஆக, வீட்டில் இந்தப் பேச்சு புதிதல்ல.

மிரெத்துக்கு மூன்று பொறுப்புகள் உண்டு. ஒன்று, ஜோர்டானின் தேசியக் கண்ணிவெடி அகற்றல் மற்றும் மறுவாழ்வுக் குழுவின் தலைவர். இரண்டு, மாற்றுத்திறனாளிகள் உரிமைகளுக்கான உயர் மன்றத்தின் தலைவர். மூன்று, கண்ணிவெடித் தடை உடன்படிக்கையின் சிறப்புத் தூதர். மூன்றும் மூன்று வேலைபோலத் தெரியும். ஏன் அவை ஒரே வேலை என்பதுதான் இந்தக் கட்டுரையில் நான் சொல்லவருவது, ஆனால் அதற்கு முன்னால் வெடியைப் பற்றிக் கொஞ்சம் பேசியாக வேண்டும்.

மிதிவெடி என்றால் என்ன, ஏன் அது மட்டும் தனியாகப் பேசப்படுகிறது

கண்ணிவெடியில் இரண்டு வகை. டாங்கி, லாரி மாதிரி கனமான வண்டி ஏறினால் வெடிப்பது ஒன்று. ஆள் மிதித்தாலோ, தொட்டாலோ, கட்டியிருக்கும் கம்பியில் கால் இடறினாலோ வெடிப்பது இன்னொன்று. இந்த இரண்டாவதை ஈழத்தில் மிதிவெடி என்றே சொல்கிறார்கள், நானும் அப்படியே சொல்கிறேன். உலக நாடுகள் சேர்ந்து தடை செய்தது இந்த மிதிவெடியை மட்டும்தான். வண்டிக்கான வெடி அந்தத் தடைக்குள் வராது. ‘கண்ணிவெடியையே தடை செய்துவிட்டார்கள்’ என்று செய்திகளில் படிக்கும்போது இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

மற்ற ஆயுதங்களுக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? துப்பாக்கியைச் சுட ஓர் ஆள் வேண்டும். அந்த ஆள் எதிரில் நிற்பது யார் என்று பார்க்க முடியும், சண்டை முடிந்தால் வீட்டுக்குப் போவார். மிதிவெடியைச் சுடுபவர் அதை மிதிப்பவரேதான். அதற்குச் சமாதான ஒப்பந்தம் தெரியாது, ஆடு மேய்க்கிற பையனுக்கும் படைவீரனுக்கும் வித்தியாசம் தெரியாது. சில கிலோ எடை அழுத்தினாலே பல வகைகள் வெடித்துவிடும். மண்ணுக்குள் முப்பது நாற்பது வருடம் கிடந்த பிறகும் வெடிக்கும். பல நேரம் ஆளைக் கொல்லாது, காலை எடுக்கும். 2023ஆம் ஆண்டில் மட்டும் கண்ணிவெடிகளாலும் போர் விட்டுச்சென்ற வெடிபொருள்களாலும் 5,757 பேர் இறந்தோ காயப்பட்டோ இருப்பதாகப் பதிவாகியிருக்கிறது. அவர்களில் 84 சதவீதம் பேர் பொதுமக்கள்.

கால் போனவரோடு கதை முடிவதில்லை. செயற்கைக் கால் ஒருமுறை வாங்கி மாட்டுகிற சாமான் இல்லை. வளர்கிற குழந்தைக்கு ஆறு மாதத்துக்கோ வருடத்துக்கோ ஒருமுறை புதிது தேவைப்படும், பெரியவர்களுக்கும் சில வருடங்களுக்கு ஒருமுறை மாற்ற வேண்டும். ஒரு வெடியைத் தோண்டி எடுத்து அழித்தால் அந்த வெடியின் வேலை முடிந்தது. அதே வெடி ஏற்கெனவே வெடித்திருந்தால் ஒருவருக்கு ஆயுள் முழுக்கத் தேவைப்படுகிறவை தொடங்குகின்றன. இந்த இடம் முக்கியம், பின்னால் தேவைப்படும்.

போலீஸ் இல்லாத உடன்படிக்கை

மிதிவெடியைத் தடை செய்யும் உடன்படிக்கை 1997 டிசம்பரில் கனடாவின் ஒட்டாவாவில் கையெழுத்தானது, 1999 மார்ச் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. ஒட்டாவா உடன்படிக்கை என்பது இதன் செல்லப்பெயர். இதில் சேரும் நாடு இனி மிதிவெடியைப் பயன்படுத்தாது, தயாரிக்காது, கைமாற்றாது. கையிருப்பை நான்கு ஆண்டுகளுக்குள் அழிக்க வேண்டும். புதைத்ததைப் பத்து ஆண்டுகளுக்குள் அகற்ற வேண்டும், முடியாவிட்டால் காரணத்தைச் சொல்லிக் கூடுதல் காலம் கேட்கலாம். பாதிக்கப்பட்டவர்களுக்கு உதவவும் வேண்டும். 160க்கும் மேற்பட்ட நாடுகள் உள்ளே இருக்கின்றன. அமெரிக்கா, ரஷ்யா, சீனா, இந்தியா, பாகிஸ்தான், இஸ்ரேல் ஆகியவை இல்லை.

சரி, உள்ளே இருக்கிற நாடு சொன்னதைச் செய்யாவிட்டால் யார் பிடிப்பார்கள்? யாரும் இல்லை. அபராதம் கிடையாது, ராணுவம் வராது. அப்படியானால் எதற்கு இந்தக் காகிதம் என்று தோன்றும்.

நம் ஊர் மொய் நோட்டை நினைத்துப் பாருங்கள். காதுகுத்துக்கு வந்தவர் ஐந்நூறு எழுதினார், ஆயிரம் எழுதினார் என்று நோட்டில் இருக்கிறது. மைக்கில் பேரைச் சொல்லியும் ஆகிவிட்டது. அவர் வீட்டு விசேஷத்துக்கு நீங்கள் திருப்பிச் செய்யாமல் போனால் எந்த நீதிமன்றமும் கூப்பிடாது. ஆனாலும் கடன் வாங்கியாவது செய்கிறோம். பேர் நோட்டில் இருக்கிறது, நாலு பேருக்குத் தெரியும், அடுத்த விசேஷத்தில் அதே முகங்களைப் பார்த்தாக வேண்டும், அவ்வளவுதான் காரணம். ஒட்டாவா உடன்படிக்கை இயங்குவதும் கிட்டத்தட்ட இப்படித்தான். ஒவ்வொரு நாடும் ஆண்டுதோறும் ஏப்ரல் 30க்குள் எத்தனை வெடி அழித்தோம், எவ்வளவு நிலம் பாக்கி என்று அறிக்கை தர வேண்டும். ஆண்டுக்கொரு முறை எல்லோரும் கூடுவார்கள். கெடு தவறிய நாடு எல்லோர் முன்னாலும் எழுந்து ஏன் முடியவில்லை, எப்போது முடிப்போம் என்று விளக்க வேண்டும். பிறகு அதை மற்ற நாடுகள் கேள்வி கேட்கும்.

இந்த ஏற்பாட்டில் இரண்டு ஓட்டைகள் உண்டு. மொய்யே எழுதாத வீடுகள் இருக்கும், அதாவது சேராத நாடுகள். எழுதிவிட்டு ஆளையே காணோம் என்கிற வீடுகளும் இருக்கும். அந்த வீடுகளுக்குத் தபாலில் பத்திரிகை அனுப்பினால் வேலைக்கு ஆகாது. யார் போய் வாசலில் நின்றால் ‘உள்ளே வாங்க’ என்று சொல்லாமல் இருக்க முடியாதோ, அப்படிப்பட்ட ஒரு பெரியவரைத்தான் அனுப்ப வேண்டும். சிறப்புத் தூதர் என்கிற பதவி அதுதான். இப்போது மிரெத்தும், பெல்ஜியம் மன்னர் பிலிப்பின் சகோதரி இளவரசி ஆஸ்ட்ரிட்டும் இந்தப் பொறுப்பில் இருக்கிறார்கள். ஒரு தொண்டு நிறுவனத்தின் பிரதிநிதி ஒரு நாட்டின் பாதுகாப்பு அமைச்சரைப் பார்க்க மாதக்கணக்கில் காத்திருப்பார். இளவரசர் வருகிறார் என்றால் ஜனாதிபதி மாளிகையிலேயே நேரம் கிடைக்கும். இது நியாயமா என்று கேட்டால், இல்லை. ஆனால் அந்த அநியாயம் இங்கே பயன்படுகிறது.

இதுவரை சொன்னதைச் சுருக்கினால்: தடை மிதிவெடிக்கு மட்டும். அதை மீறினால் தண்டிக்க ஆள் இல்லை. கூச்சமும் மரியாதையும்தான் அதை ஓட்டுகின்றன. அரச குடும்பத்து ஆளின் பயன் அந்த இடத்தில்தான்.

சொந்த வீட்டில் என்ன செய்தார்கள்

ஊருக்கு உபதேசம் சொல்லக் கிளம்புகிறவரிடம் ‘உன் வீட்டில் என்ன நிலைமை’ என்று கேட்பார்கள். ஜோர்டானில் இரண்டு பக்கம் பிரச்சினை இருந்தது. மேற்கே இஸ்ரேலை ஒட்டி, ஜோர்டான் பள்ளத்தாக்கிலும் வாதி அரபாவிலும், 1948க்குப் பிறகு நடந்த போர்களில் புதைத்த வெடிகள். வடக்கே சிரியா எல்லையில், 1970ல் இரு நாடுகளுக்கும் மோதல் வந்தபிறகு புதைத்தவை. மேற்கில் 1994ல் இஸ்ரேலோடு சமாதான ஒப்பந்தம் கையெழுத்தானதும் வேலைக்கு வழி பிறந்தது. இயேசு ஞானஸ்நானம் பெற்ற இடம் என்று கிறிஸ்தவர்கள் நம்பும் அல் மக்தஸ், ஆற்றங்கரையில், வெடி புதைத்த ராணுவப் பகுதிக்குள் பல வருடங்கள் மாட்டிக்கொண்டிருந்தது. அதைச் சுத்தம் செய்து திறந்த பிறகுதான் 2000ல் போப்பாண்டவர் இரண்டாம் ஜான் பால் அங்கே வர முடிந்தது. 2015ல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலிலும் அது சேர்ந்தது.

இப்போதைய மன்னரின் தந்தை ஹுசைன் ஆண்ட காலத்திலேயே அவர் மனைவி அரசி நூர் இந்த விஷயத்தை வெளியில் கொண்டுபோய்ப் பேசிவந்தார். ஜோர்டான் 1998ல் உடன்படிக்கையை ஏற்றது. 2000ல் தேசியக் குழு சட்டப்படி அமைக்கப்பட்டது. ராணுவம், அரசுத் துறைகள், தொண்டு நிறுவனங்கள் ஆகியவற்றோடு வெடியில் சிக்கிப் பிழைத்தவர்களுக்கும் அதில் இடமுண்டு. 2004 வாக்கில் மிரெத் அதன் தலைவரானார்.

இங்கே அவர் கையில் கருவியை எடுத்துக்கொண்டு வயலில் இறங்கினார் என்று நினைக்காதீர்கள். களத்தில் வேலை செய்தது ஜோர்டான் ராணுவத்தின் பொறியாளர் படையும், பிறகு நார்வே மக்கள் உதவி அமைப்பு பயிற்சி கொடுத்து இறக்கிய குழுக்களும். தலைவருடைய வேலை வேறு மாதிரியானது. வெடி எங்கே புதைத்தார்கள் என்கிற வரைபடம் ராணுவத்திடம் இருக்கும், பணம் நன்கொடை நாடுகளிடம் இருக்கும், நிலம் விவசாயத் துறையிடமோ சுற்றுலாத் துறையிடமோ இருக்கும், மருத்துவமனை இன்னொரு அமைச்சகத்திடம். இவர்களை ஒரே மேசையில் உட்கார வைக்காமல் ஒரு சதுர மீட்டர்கூட நகராது. சாதாரண அதிகாரி ஒருவர் ராணுவத் தளபதியிடம் வரைபடம் கேட்டு வாங்குவது எவ்வளவு சுலபம் என்று அரசு அலுவலகத்தில் ஒரு கோப்பை நகர்த்திப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

களத்தில் நடப்பதையும் கொஞ்சம் தெரிந்துகொள்வது நல்லது, ஏனென்றால் ‘வெடி எடுப்பது’ என்றதும் சினிமாவில் சிவப்பு வயரா நீல வயரா என்று வியர்க்கிற காட்சிதான் மனதில் ஓடுகிறது. நிஜத்தில் அது மிக மெதுவான, சலிப்பூட்டும் மண்வேலை. முதலில் ஊர்க்காரர்களிடமும் மேய்ப்பர்களிடமும் விசாரிப்பார்கள்: எங்கே ஆடு செத்தது, எந்தப் பாதையில் யாரும் போவதில்லை. அப்புறம் சந்தேகமுள்ள இடத்தைக் கருவிகளோடு போய்ச் சோதித்து எல்லையைக் குறுக்குவார்கள். கடைசியில் ஒரு மீட்டர் அகலத்துக்குப் பாதை பாதையாகப் பிரித்து, உலோகம் கண்டறியும் கருவியைக் காட்டி, சத்தம் வந்த இடத்தில் பக்கவாட்டிலிருந்து மண்ணை மெல்லச் சுரண்டுவார்கள். பெரும்பாலும் துருப்பிடித்த ஆணியோ தோட்டாக் கூடோதான் வரும். வெடி வந்தால் பல நேரம் அங்கேயே வைத்து வெடிக்கச் செய்வார்கள். இப்படி விசாரித்து, சோதித்து, அகற்றி, ‘இனி இங்கே நடக்கலாம்’ என்று சொல்லி மக்களிடம் திருப்பிக் கொடுப்பதற்கு நிலவிடுவிப்பு என்று பெயர்.

ஜோர்டான் பள்ளத்தாக்கில் இதிலும் ஒரு தலைவலி. ராணுவத்திடம் வரைபடம் இருந்தது, ஆனால் மழைவெள்ளம் பல இடங்களில் மண்ணோடு சேர்த்து வெடிகளையும் இழுத்துக்கொண்டு போயிருந்தது. வரைபடத்தில் இருக்கிற எண்ணிக்கை ஒன்று, தோண்டிக் கிடைத்தது ஒன்று. எனவே ஏற்கெனவே சுத்தம் செய்த நிலத்தையே மறுபடி சரிபார்க்க வேண்டியதாயிற்று. ‘கண்ணிவெடி இல்லாத நாடு’ என்று யாராவது சொன்னால், தெரிந்த இடங்களை எல்லாம் முறைப்படி முடித்துவிட்டோம் என்று அர்த்தம். இனி ஒரு வெடிகூட எங்கும் தட்டுப்படாது என்று எந்த நாடும் சத்தியம் செய்ய முடியாது.

2007 நவம்பரில் உடன்படிக்கை நாடுகளின் எட்டாவது கூட்டம் ஜோர்டானின் சாக்கடல் கரையில் நடந்தது, தலைமை மிரெத். அடுத்த வருடமே ஜோர்டான் கூட்டத்தில் எழுந்து ‘எங்களால் 2009க்குள் முடியாது, மூன்று வருடம் கூடுதலாக வேண்டும்’ என்று கேட்டது. தலைமை நாற்காலியில் உட்கார்ந்திருந்த நாடே மறுவருடம் கைகட்டி நிற்பது கொஞ்சம் சங்கடம்தான். எனக்கென்னவோ, பிற்பாடு மற்ற நாடுகளிடம் பேசும்போது இந்தச் சங்கடம் அவருக்கு உதவியிருக்கும் என்றே படுகிறது. புதிய கெடு 2012 மே 1. ஏப்ரல் 24 அன்று, ஒரு வாரம் மிச்சம் இருக்கும்போது, ஜோர்டான் வேலையை முடித்துவிட்டதாக அறிவித்தது. மத்தியக் கிழக்கில் அப்படி அறிவித்த முதல் நாடு.

அந்தத் தேதியைப் பக்கத்தில் இன்னொரு தேதியோடு வைத்துப் பாருங்கள். சிரியாவில் போர் மூண்டு, வடக்கு எல்லை தாண்டி வந்த அகதிகளுக்காக ஸாத்தரி முகாம் திறக்கப்பட்டது அதே 2012 ஜூலையில். வெடி புதைத்திருந்த எல்லை அதே எல்லைதான். வேலை இரண்டு மூன்று வருடம் தள்ளிப்போயிருந்தால் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு இரவில் எல்லை கடந்தவர்களின் கதி என்னவாகியிருக்கும் என்று யோசிக்கவே ஒரு மாதிரியாக இருக்கிறது.

வெடியிலிருந்து சாய்தளத்துக்கு

இப்போது மற்றப் பாதிக்கு வருவோம். கண்ணிவெடிக் குழுவின் தலைவர் ஏன் மாற்றுத்திறனாளிகள் மன்றத்துக்கும் தலைவராக இருக்க வேண்டும்?

வெடியில் பிழைத்தவருக்கும் அவர் குடும்பத்துக்கும் அரசு செய்ய வேண்டிய சிகிச்சை, செயற்கை உறுப்பு, மனநல உதவி, தொழில், படிப்பு எல்லாவற்றையும் சேர்த்து, பாதிக்கப்பட்டோர் உதவி என்கிறார்கள். இதை உள்ளே சேர்த்த முதல் ஆயுதத் தடை உடன்படிக்கை ஒட்டாவா. ஆரம்பத்தில் பல நாடுகள் இதைத் தனித் திட்டமாக நினைத்தன, அதாவது வெடியில் கால் போனவர்களுக்கென்று தனியாக ஒரு மையம், தனியாக ஒரு நிதி. போகப் போக அதில் ஒரு கோளாறு தெரிந்தது. வெடியில் கால் இழந்தவரும், சர்க்கரை நோயில் கால் இழந்தவரும், விபத்தில் இழந்தவரும் ஒரே தெருவில் இருக்கிறார்கள். மூவருக்கும் வேண்டியது அதே செயற்கைக் கால், பேருந்தில் ஏற அதே தாழ்தளம், பள்ளிக்கூட வாசலில் அதே சாய்தளம். ஒருவருக்கு மட்டும் கொடுத்து மற்ற இருவரை வெளியில் நிறுத்துவது அநியாயம். தவிர, வெளிநாட்டு நன்கொடை நின்றவுடன் அந்தத் தனி மையமும் மூடப்படும். எனவே வெடியில் பிழைத்தவருக்கு உருப்படியாக ஏதாவது செய்ய வேண்டுமென்றால் நாட்டின் எல்லா மாற்றுத்திறனாளிகளுக்கும் பொதுவான ஏற்பாட்டைத்தான் சரிசெய்ய வேண்டும் என்ற இடத்துக்கு வந்து சேர்ந்தார்கள்.

அதே காலத்தில் ஐநாவில் மாற்றுத்திறனாளிகள் உரிமை உடன்படிக்கை தயாராகிக்கொண்டிருந்தது. 2006 டிசம்பரில் நிறைவேறி, 2008 மே மாதம் நடைமுறைக்கு வந்தது. ஜோர்டான் 2008 மார்ச்சிலேயே ஏற்றுக்கொண்டது. இந்த உடன்படிக்கை கேட்கிற கேள்வியே வேறு. சக்கர நாற்காலியில் இருப்பவர் தபால் நிலையத்துக்குள் போக முடியவில்லை என்றால், குறை அவர் காலிலா, வாசலில் இருக்கும் நான்கு படிகளிலா? பழைய பார்வை காலில் என்றது, எனவே மருந்து கொடு, முடியாவிட்டால் இரக்கப்பட்டு உதவித்தொகை கொடு என்றது. புதிய பார்வையில் ஒருவரின் உடல்நிலையும் வெளியில் இருக்கும் தடையும் சேரும்போதுதான் இயலாமை உண்டாகிறது. படியை எடு. எடுக்காதது பாரபட்சம்.

இதில் இரண்டு விஷயங்களை அடிக்கடி குழப்பிக்கொள்கிறார்கள். கட்டிடம், பேருந்து, இணையதளம் ஆகியவற்றை யார் வந்தாலும் பயன்படுத்தும்படி முன்கூட்டியே அமைப்பது அணுகல்வசதி. யார் வருவார் என்று தெரியாமலேயே செய்து வைக்க வேண்டியது அது. குறிப்பிட்ட ஒருவர் வந்து நின்றபிறகு அவருடைய தேவைக்கேற்பச் செய்து தருவது தகுந்த மாற்றவசதி: பார்வையற்ற மாணவிக்குத் தேர்வில் கூடுதல் நேரம், காது கேளாத ஊழியருக்குக் கூட்டத்தில் சைகைமொழி பெயர்ப்பாளர். முதலாவது பொதுவானது, மெதுவாகத்தான் நடக்கும். இரண்டாவது தனிப்பட்டது, கேட்ட உடனே செய்ய வேண்டியது.

ஜோர்டான் இதற்கேற்ப 2017ல் 20ஆம் எண் சட்டத்தைக் கொண்டுவந்தது. பாரபட்சம் என்றால் என்ன என்று வரையறுத்தது, பொதுக் கட்டிடங்களைப் படிப்படியாக மாற்றச் சொன்னது, பள்ளிகள் மாற்றுத்திறனாளிக் குழந்தைகளைத் திருப்பி அனுப்பக்கூடாது என்றது. அதைவிடப் பெரிது, மாற்றுத்திறனாளிகளை அடைத்து வைத்திருக்கும் விடுதிகளைப் பத்து ஆண்டுகளில் மூடிவிட்டுக் குடும்பத்தோடும் ஊரோடும் வாழ ஏற்பாடு செய்ய வேண்டும் என்று சொன்னது. அரபு நாடுகளில் இப்படி ஒரு சட்டம் எழுதுவது சின்ன விஷயமில்லை. மிரெத் தலைமை வகிக்கும் உயர் மன்றத்துக்கு இதில் கொள்கை வகுப்பதும், கண்காணிப்பதும், அமைச்சகங்களைத் தட்டி எழுப்புவதும்தான் பொறுப்பு. சக்கர நாற்காலி வழங்கும் விழா நடத்துவது அதன் வேலை இல்லை. அந்த விழாவைத்தான் நாம் எல்லா ஊரிலும் பார்த்துப் பழகியிருக்கிறோம் என்பதால் இதைச் சொல்ல வேண்டியிருக்கிறது.

ஒரு கணக்கு இதை நன்றாகக் காட்டும். 2015ல் ஜோர்டான் எடுத்த மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஐந்து வயதுக்கு மேற்பட்டவர்களில் சுமார் 11 சதவீதம் பேருக்கு ஏதோ ஒரு இயலாமை இருப்பதாகத் தெரிந்தது. அதற்கு முந்தைய கணக்கில் இதைவிட மிகக் குறைவு. நடுவில் யாருக்கும் ஒன்றும் ஆகிவிடவில்லை, கேள்வி மாறியது. ‘வீட்டில் ஊனமுற்றவர் இருக்கிறாரா’ என்று கேட்டால் பெண்ணுக்குக் கல்யாணம் ஆகாது என்று மறைப்பார்கள். ‘படியேறச் சிரமமா, பார்ப்பதில் சிரமமா, ஞாபகம் வைப்பதில் சிரமமா’ என்று கேட்டால் பதில் வரும். இந்த 11 சதவீதத்தில் வெடியில் காயப்பட்டவர்கள் மிகச் சிறிய பகுதிதான். ஆனால் அவர்களுக்காகத் திறந்த கதவு வழியாக மற்றவர்களும் உள்ளே வர முடிந்தது.

மறுபடி சுருக்கம்: வெடி அகற்றுவது ஒரு நாள் முடிகிற வேலை, பிழைத்தவரின் தேவை முடியாதது. அந்தத் தேவையைத் தனியாகத் தீர்க்க முடியாது, எல்லா மாற்றுத்திறனாளிகளின் உரிமையாக வந்தால்தான் தீரும். அதனால்தான் ஒரே ஆளிடம் இரண்டு நாற்காலிகள்.

இளவரசர் இருப்பதில் உள்ள வில்லங்கம்

இதுவரை நல்லதாகவே சொல்லிவிட்டேன். மறுபக்கமும் உண்டு. இளவரசரை யாரும் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்கவில்லை. அவர் தலைமை வகிக்கும் மன்றம் சரியாக வேலை செய்யவில்லை என்று ஒரு மாற்றுத்திறனாளிகள் சங்கம் சொல்ல வேண்டுமென்றால், அது அரச குடும்பத்தைக் குறைசொல்வதாகப் போய்விடுமோ என்று யோசிக்க வேண்டியிருக்கும். ஜோர்டானில் பேச்சுரிமை எந்த அளவுக்கு என்பது ஊரறிந்தது. கதவைத் திறக்கிற அதே பெயர் சில வாய்களை மூடவும் செய்யும். மாற்றுத்திறனாளிகள் இயக்கத்தின் ஆதிக் கோரிக்கையே ‘எங்களைப் பற்றி எங்களைச் சேர்க்காமல் முடிவு எடுக்காதே’ என்பதுதான். அதை வைத்துப் பார்த்தால் மேலிருந்து வருகிற நல்ல மனது எவ்வளவு தூரம் போகும் என்ற கேள்வி நியாயமானது.

டயானா விஷயத்தில் இது வேறு மாதிரி நடந்தது. அங்கோலாவுக்குப் போன நேரத்தில் அவர் விவாகரத்தானவர், அரசு அதிகாரம் எதுவும் இல்லாதவர், பிரிட்டன் அரசின் கொள்கையோடு ஒத்துப்போகாமல் பேசுகிறார் என்று அன்றைய ஆளுங்கட்சியின் இளநிலை அமைச்சர் ஒருவரிடம் திட்டும் வாங்கினார். ஆனாலும் தடைக்கான பிரசாரத்தை அவர் தொடங்கவில்லை, முடித்துவைக்கவும் இல்லை. 1990களின் தொடக்கத்திலிருந்தே பல நாட்டு அமைப்புகள் சேர்ந்து அதை நடத்திக்கொண்டிருந்தன. அந்தக் கூட்டமைப்புக்கும் அதன் ஒருங்கிணைப்பாளர் ஜோடி வில்லியம்ஸுக்கும் 1997ல் அமைதிக்கான நோபல் பரிசு கிடைத்தது. டயானா செய்தது, வெளிச்சம் இல்லாத இடத்தில் கேமராக்களைக் கொண்டுபோய் நிறுத்தியது. மிரெத் செய்வது கேமரா போன பிறகு மிச்சமிருக்கிற வேலை. இரண்டும் வேண்டும், ஆனால் ஒன்றை மற்றொன்றாக எடுத்துக்கொள்ளக்கூடாது.

இலங்கையும் இந்த நோட்டில் இருக்கிறது

சிறப்புத் தூதர் என்ற முறையில் மிரெத் போன நாடுகளில் இலங்கையும் ஒன்று. முப்பது ஆண்டுப் போரில் ராணுவமும் விடுதலைப் புலிகளும் வெடிகளைப் புதைத்தார்கள். நீண்ட காலம் போர் முனையாக இருந்த முகமாலை அதில் மிக மோசமான இடங்களில் ஒன்று. இலங்கை பல வருடங்கள் வெளியில் நின்றுவிட்டு 2017 டிசம்பரில்தான் ஒட்டாவா உடன்படிக்கையில் சேர்ந்தது. 2018 ஜூன் 1 முதல் அது இலங்கையைக் கட்டுப்படுத்துகிறது, எனவே நிலத்தைச் சுத்தம் செய்யும் பத்தாண்டுக் கெடு 2028 ஜூன் 1. வடக்கில் மண்ணைச் சுரண்டிக்கொண்டிருப்பவர்களில் கணிசமானவர்கள் தமிழ்ப் பெண்கள், அதிலும் வீட்டில் சம்பாதிக்க வேறு ஆள் இல்லாதவர்கள் நிறைய. நிலம் முடிந்த பிறகு அவர்களுக்கு என்ன வேலை என்பது இப்போதே கேட்க வேண்டிய கேள்வி, ஆனால் அது இன்னொரு கட்டுரை.

இப்போது நிலைமை

கொஞ்சம் சங்கடமாகத்தான் இருக்கிறது. ரஷ்யாவின் உக்ரைன் போரைக் காரணம் காட்டி, 2025ல் லாட்வியா, லிதுவேனியா, எஸ்தோனியா, ஃபின்லாந்து, போலந்து ஆகிய ஐந்து நாடுகளும் ஒட்டாவா உடன்படிக்கையை விட்டு வெளியேறுவதாக அறிவித்தன. தண்டனை இல்லாத ஏற்பாட்டில் பயம் வந்தால் முதலில் உடைவது எது என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் தேவையில்லை. எந்தத் தூதர் போய்ப் பேசினாலும், பக்கத்து நாட்டின் டாங்கிகளைப் பார்த்துப் பயப்படுகிறவரிடம் கூச்சம் எடுபடாது.

மாற்றுத்திறனாளிகள் பக்கம் அதே ஆண்டு வேறு மாதிரி போனது. ஏப்ரல் 2, 3 தேதிகளில் பெர்லினில் உலக மாற்றுத்திறனாளிகள் உச்சி மாநாட்டை ஜெர்மனியும் ஜோர்டானும் சர்வதேச மாற்றுத்திறனாளிகள் கூட்டமைப்போடு சேர்ந்து நடத்தின. உலக மக்கள்தொகையில் ஏறத்தாழ 15 சதவீதம் மாற்றுத்திறனாளிகள் என்ற கணக்கை வைத்து, நாடுகளில் நடக்கும் வெளிநாட்டு உதவித் திட்டங்களில் குறைந்தது 15 சதவீதமாவது 2028க்குள் மாற்றுத்திறனாளிகளைச் சேர்த்துக்கொள்வதை நோக்கமாகக் கொண்டிருக்க வேண்டும் என்று அம்மான்-பெர்லின் பிரகடனம் சொல்கிறது. இதற்கும் போலீஸ் கிடையாது. ஜோர்டானுக்குள்ளோ, விடுதிகளை மூடுவதற்கு 2017 சட்டம் கொடுத்த பத்து ஆண்டுகள் 2027ல் முடிகின்றன. கண்ணிவெடி விஷயத்தில் ஒரு வாரம் மிச்சம் வைத்து முடித்த நாடு இதில் கூடுதல் காலம் கேட்குமா, கேட்டால் யாரிடம் கேட்கும் என்பது அப்போது தெரிந்துவிடும்.